சாய்வுச் சீலிங்குக்கு மேலே: காற்று வழியா, பஞ்சா, அடைத்த கூரையா?

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் ஒரு தாமானில் (வீடமைப்புப் பகுதியில்) இருக்கும் என் அக்கா வீட்டின் பின்பக்கத்தை இடித்துவிட்டு, ஒரு பெரிய கூடமும் அதையொட்டி ஒரு படுக்கையறையும் எழுப்புவதென்று முடிவாகியிருக்கிறது. தட்டைச் சீலிங் வேண்டாம், கூரையின் சரிவோடு சீலிங்கும் ஏறிப்போய் முகட்டில் கூட வேண்டும் என்பது மருமகளின் விருப்பம். குத்தகையாளர்கள் மூவர் வந்து பார்த்து மூன்று விதமாக விலை எழுதிக் கொடுத்தார்கள். ஒருவர் தகரத்துக்கும் சீலிங்குக்கும் நடுவே காற்று ஓட வழி விடுகிறேன் என்றார். இன்னொருவர் அலுமினியத் தாளும் ராக்வூல் என்னும் பாறையிழைப் பஞ்சும் போதும் என்றார். மூன்றாமவர் நடுவில் நுரை வைத்த ஆயத்தப் பலகைகளையே கூரையாகப் போட்டு எல்லாவற்றையும் அடைத்துவிடலாம் என்றார். தோட்டத்தில் கட்டடப் பராமரிப்பைப் பல ஆண்டு கவனித்தவன் என்பதால் அந்தத் தாள்கள் என் கைக்கு வந்தன. "தம்பி, அழகு வேணாம்னு சொல்லல. மத்தியானம் அதுக்குள்ள மனுசன் உக்கார முடியணும், அவ்வளவுதான்" என்றார் அக்கா.

தட்டைச் சீலிங் உள்ள வீட்டில் தகரத்துக்கும் சீலிங்குக்கும் நடுவே ஆள் குனிந்து நடக்கும் அளவுக்கு ஓர் இடம் இருக்கும். பகலில் அந்த இடம் கொதித்தாலும் அதன் சூடு நேரே தலைமேல் இறங்குவதில்லை. ஓடு விலகினாலும் ஒயர் கெட்டாலும் ஏறிப்போய்ப் பார்க்கவும் முடியும். சாய்வுச் சீலிங் வைத்தால் அந்த இடம் கூரையைச் சாய்வாகத் தாங்கும் கைமரத்தின் உயரத்துக்குச் சுருங்கிவிடுகிறது. நான்கு அங்குலமோ ஆறு அங்குலமோ கொண்ட அந்த இடுக்குக்குள்தான் வெப்பக்காப்பு, காற்று வழி, மின்கம்பி எல்லாமே அடங்க வேண்டும். மூடிய பிறகு அதைத் திறந்து பார்க்க வழியே இல்லை. ஆகவே தட்டைச் சீலிங்கில் பொறுத்துப்போகிற பிழைகள் இங்கே பொறுக்கப்படுவதில்லை.

லயத்து வீடுகளில், அதாவது தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடுகளில், வளர்ந்தவர்களுக்குச் சீலிங்கே இல்லாத கூரை பழக்கமானது. தடுப்புச் சுவர் கூரையைத் தொடாமல் நின்றுவிடும். ஒரு வீட்டில் குழந்தை அழுதால் நான்காவது வீடு வரை கேட்கும். அந்த இடைவெளி வழியே சூடான காற்றும் வெளியேறியது என்பதை யாரும் நினைத்துப் பார்த்ததில்லை. அந்தத் தகரக் கூரையிடம் கற்ற இன்னொன்றும் உண்டு. மழையே பெய்யாத இரவுகளில்கூட விடியற்காலை நான்கு, ஐந்து மணிக்கு, ரப்பர் பால் வெட்டப் போகிறவர்கள் எழும் நேரத்தில், தகரத்தின் அடிப்பக்கத்திலிருந்து பாயில் சொட்டுச் சொட்டாக நீர் விழும். தெளிந்த வானத்தை நோக்கித் தன் சூட்டை விட்டுவிட்ட தகரம் சுற்றியுள்ள காற்றைவிடக் குளிர்ந்துவிடுகிறது. அதைத் தொடும் ஈரக்காற்று நீராகிறது. ஓட்டைக் கூரை என்று நினைத்துத் தாரை உருக்கிப் பூசியவர்களை நான் பார்த்திருக்கிறேன். மூன்று விலைப்பட்டியலிலும் இந்த வியர்வையைப் பற்றி ஒரு வரிகூட இல்லை.

பகல் வெப்பத்தை முதலில் எடுத்துக்கொள்வோம். பூமத்திய ரேகைக்கு வடக்கே ஐந்து பாகைக்குள் இருக்கும் நமக்கு நண்பகல் வெயில் ஆண்டு முழுவதும் ஏறக்குறைய உச்சியிலிருந்தே விழுகிறது. வீட்டில் அதிக வெயிலை வாங்குவது சுவரைவிடக் கூரைதான். அடர்நிறத் தகரம் நல்ல வெயிலில் 60 முதல் 70 பாகை செல்சியஸ் வரை சுடும். அந்தச் சூடு கீழே இறங்கும் விதத்தைப் புரிந்துகொண்டால் பாதி முடிவு அங்கேயே கிடைத்துவிடும். சூடான காற்று மேலேயே நிற்க விரும்பும். எனவே மேலே சுடும் தகரத்திலிருந்து கீழே குளிர்ந்த சீலிங்குக்குக் காற்றின் வழியாக இறங்கும் வெப்பம் குறைவு. பெரும்பங்கு கதிர்வீச்சாகவே, அடுப்புக்கு முன் நின்றால் முகத்தில் அடிப்பது போல, இறங்குகிறது. அதனால்தான் ஒரு மில்லிமீட்டர்கூடத் தடிமன் இல்லாத அலுமினியத் தாள் நம் ஊரில் இவ்வளவு வேலை செய்கிறது. பளபளப்பான அலுமினியம் தன்மேல் விழும் வெப்பக் கதிரில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்து பங்கைத் திருப்பியனுப்பும். ஆனால் அதன் பளபளப்பான முகத்துக்கு எதிரே குறைந்தது 25 மில்லிமீட்டர் காற்று இடைவெளி இருக்க வேண்டும். தகரத்தோடு ஒட்டிவிட்டால் அது வெறும் உலோகம். சூட்டைத் தானும் வாங்கிக் கீழே கொடுத்துவிடும். ஹார்ட்வேர் கடையில் குமிழிகள் வைத்த தாளைக் காட்டி இதுவே போதும் என்பார்கள். அந்த நான்கு மில்லிமீட்டர் குமிழியின் வெப்பத்தடை மிகச் சிறியது. அந்தப் பொருளின் பலமெல்லாம் மேலே உள்ள அலுமினியத்திலும் அதற்கு நாம் விடும் இடைவெளியிலும்தான் இருக்கிறது.

அடுத்தது ஈரம். இணையத்தில் கிடைக்கும் அறிவுரைகளில் பெரும்பகுதி குளிர்நாட்டுக்காரர்களுக்காக எழுதப்பட்டது என்பதால் இதில் நம் ஆட்கள் எளிதில் தடுமாறுகிறார்கள். அங்கே வீட்டுக்குள் சூடு, வெளியே பனி. சமையலறை, குளியலறை ஈரம் மேலேறிக் குளிர்ந்த கூரைப் பலகையில் நீராகிவிடும் என்பதற்காகக் கூரைக்குக் கீழே காற்று ஓட விடுகிறார்கள். அந்த ஈரம் மேலே போகாமல் தடுக்க அறைப் பக்கத்தில் பிளாஸ்டிக் தாள் விரிக்கிறார்கள். நம்மிடம் எல்லாமே தலைகீழ். ஈரம் வெளியே இருக்கிறது, குளிர்ச்சி உள்ளே இருக்கிறது. 30 பாகை வெப்பமும் 80 விழுக்காடு ஈரப்பதமும் உள்ள காற்று, 26 பாகைக்குக் கீழே உள்ள எந்தப் பரப்பைத் தொட்டாலும் நீராகும். குளிர்சாதனத்தை 22 பாகையில் வைத்துத் தூங்கும் அறையின் சீலிங் பலகைக்கு மேலே அந்தக் காற்று இறங்கினால் என்ன ஆகும் என்பதற்குப் பெரிய கணக்கு வேண்டியதில்லை. அறைப் பக்கத்தில் பிளாஸ்டிக் தாளும் விரித்திருந்தால் அதன் மேல்முகத்தில் நீர் தேங்கிப் பஞ்சை ஊறவைக்கும். நனைந்த பஞ்சு வெப்பத்தைத் தடுக்காது. குளிர்நாட்டில் சரியான அதே தாள் இங்கே தவறான பக்கத்தில் இருக்கிறது.

இந்தப் பிழையை நான் ஒரு நண்பர் வீட்டில் மிக அருகில் பார்த்தேன். அழகான சாய்வுச் சீலிங். அதில் வரிசையாகத் துளையிட்டுப் பதித்த பன்னிரண்டு டவுன்லைட்டுகள். குளிர்சாதனம் ஓடும் அறையில் மட்டும் ஒவ்வொரு விளக்கைச் சுற்றியும் ஓர் ஐம்பது காசு அகலத்துக்குக் கறுப்பு வளையம் பூத்திருந்தது. ஏணி வைத்து ஒரு விளக்கைக் கழற்றினேன். துளையின் விளிம்பில் பிளாஸ்டர் பலகை பிஸ்கட் போல மெத்தென்று நொறுங்கியது. உள்ளே கைவிட்டால் பஞ்சின் அடிப்பக்கம் ஈரத் துணி போல இருந்தது. கூரையில் ஓர் ஓட்டையும் இல்லை. காற்றோட்டத்துக்கென்று கூரை விளிம்பில் விட்ட வாய் வழியே நுழைந்த ஈரக்காற்று, எதுவும் தடுக்காததால் பஞ்சினூடே இறங்கி, குளிர்ந்த பலகையின் முதுகில் படிந்திருந்தது. பன்னிரண்டு துளைகளும் அதற்குப் பன்னிரண்டு வாசல்களாக இருந்தன.

அப்படியானால் காற்று வழியே வேண்டாமா? அவசரப்பட்டு அப்படிச் சொல்லிவிட முடியாது. தகரத்துக்குக் கீழே ஓடும் காற்று, தகரத்தின் சூட்டில் ஒரு பகுதியை முகட்டு வழியே கொண்டுபோய்விடுகிறது. விடியற்காலை வியர்வை காலை வெயிலில் உலரவும் உதவுகிறது. ஆனால் தட்டைச் சீலிங்கின் காற்றோட்டக் கணக்கைச் சாய்வுச் சீலிங்குக்கு அப்படியே கொண்டுவர முடியாது. அங்கே மேலே ஒரே பெரிய வெளி. எங்கே நுழைந்த காற்றும் எங்கே வேண்டுமானாலும் வெளியேறலாம். இங்கே இரண்டு கைமரங்களுக்கு நடுவே உள்ள ஒவ்வொரு இடுக்கும் தனித்தனிக் குழாய். ஒவ்வொன்றுக்கும் கீழே விளிம்பில் ஒரு நுழைவாயும் மேலே முகட்டில் ஒரு வெளிவாயும் இருந்தாக வேண்டும். ஒன்று அடைபட்டால் அந்தக் குழாய் செத்த குழாய். இரண்டு சரிவுகள் கூடும் பள்ளத்திலும், நான்கு பக்கச் சரிவுக் கூரையின் மூலைகளிலும், கூரைக் கண்ணாடி வைத்த இடத்திலும் இடுக்குகள் பாதியில் முடிந்துவிடுகின்றன. அக்காவின் கூடத்துக்கு இரண்டே சரிவு, நேரான முகடு என்பதால்தான் இந்தத் தேர்வையே நான் பரிசீலித்தேன்.

அளவைப் பற்றிச் சொன்னால், அமெரிக்கக் குடியிருப்பு விதிகள் வெப்பக்காப்புக்கும் கூரைப் பலகைக்கும் நடுவே குறைந்தது 25 மில்லிமீட்டர் கேட்கின்றன. திறந்த வாயின் மொத்தப் பரப்பு, கூரையடிப் பரப்பில் 150-இல் ஒரு பங்கு. 20 அடிக்கு 15 அடி கூடத்துக்கு அது இரண்டு சதுர அடி. அதைக் கீழேயும் மேலேயும் பகிர வேண்டும். பறவையும் பூச்சியும் நுழையாமல் வலை அடித்தால் திறந்த பரப்பு குறையும் என்பதால் வாயைப் பெரிதாகவே வெட்ட வேண்டும். என்னைக் கேட்டால் 25 மில்லிமீட்டர் காகிதத்தில் மட்டும் போதும். பஞ்சு சற்றே உப்பினாலும் அடைபட்டுவிடும். 50 மில்லிமீட்டராவது விட வேண்டும். சரிவு குறைந்த கூரையில் காற்று மேலேறத் தேவையான உயர வித்தியாசம் இல்லாததால், நீள வராந்தா போல் தாழ்ந்து கிடக்கும் கூரைக்கு இந்தச் செலவு வீண். வலை அடிக்காமல் விட்டால் மைனாவோ தேனீயோ எலியோ, நம் பக்கத்தில் முசாங் என்னும் மரநாயுமே, அந்த வாய்களைக் குடியிருப்பாக்கிக்கொள்ளும் என்பதைத் தனியே சொல்ல வேண்டியதில்லை.

முகட்டில், காற்றில் தானே சுழன்று உள்சூட்டை வெளியேற்றும் பந்து ஒன்றை வைத்தால் போதும் என்று குத்தகையாளர்களில் ஒருவர் எழுதியிருந்தார். தட்டைச் சீலிங்குக்கு அது உதவும். சாய்வுச் சீலிங்கில், முகட்டின் அடியில் எல்லா இடுக்குகளையும் இணைக்கும் பொது வெளி விடாவிட்டால், அந்தப் பந்து தனக்கு நேர்கீழே உள்ள ஓர் இடுக்கை மட்டும் இறைத்துக்கொண்டு சுழலும்.

இரண்டாவது விலைப்பட்டியல்தான் நம் ஊரில் மிக வழக்கமானது. குறுக்குச் சட்டங்களின் மேல் கோழிக்கூட்டு வலையை இழுத்துக் கட்டி, அதன்மேல் அலுமினியத் தாள், அதன்மேல் 50 மில்லிமீட்டர் பஞ்சு, அதற்கு மேலே தகரம். மலிவு, வேகம், பழகிய கை. மழையின் இரைச்சலைக் குறைப்பதில் இது காற்று வழியை மட்டும் நம்பும் முறையை எளிதாக வென்றுவிடும். தகரக் கூரையின்கீழ் மாலை மழையில் தொலைபேசியில் பேச முயன்றவர்களுக்கு அதன் அருமை தெரியும். குறை வேறு இடத்தில் இருக்கிறது. பஞ்சு தகரத்தோடு ஒட்டியே கிடப்பதால் விடியற்காலை வியர்வை நேரே அதில் இறங்குகிறது. சட்டங்களின் மேல் தகரத்தைத் திருகி இறுக்கும் இடங்களில் பஞ்சு நசுங்கி வெப்பத்துக்குப் பாலமாகிவிடுகிறது. பஞ்சின் எடையில் தாள் தொய்ந்து சீலிங்கைத் தொட்டால் அலுமினியத்துக்கு வேண்டிய இடைவெளியும் போய்விடுகிறது. பொருள்கள் சரி, அடுக்கிய வரிசைதான் சரியில்லை.

எவ்வளவு பஞ்சு வேண்டும் என்பதற்கு ஓர் அளவுகோல் உண்டு. மலேசியத் தரநிலை எம்.எஸ். 1525, சதுர மீட்டருக்கு 50 கிலோவுக்குக் குறைந்த இலேசான கூரையின் யூ மதிப்பு 0.4-ஐத் தாண்டக் கூடாது என்கிறது. அதைவிடக் கனமான கூரைக்கு 0.6. யூ மதிப்பு என்பது ஒரு பாகை வித்தியாசத்தில் ஒரு சதுர மீட்டர் கூரை எத்தனை வாட் வெப்பத்தை உள்ளே விடுகிறது என்பதுதான். அந்தத் தரநிலை குடியிருப்பல்லாத கட்டடங்களுக்காக எழுதப்பட்டதென்றாலும், குளிர்சாதனம் ஓடும் வீட்டு அறைக்கும் அதை இலக்காக வைத்துக்கொள்வதில் தவறில்லை. 50 மில்லிமீட்டர் ராக்வூல் தனியாக அந்த இலக்கை எட்டாது. நல்ல இடைவெளியோடு அலுமினியத் தாளும் சேர்ந்தால் ஏறக்குறைய எட்டும். 100 மில்லிமீட்டர் பஞ்சு தனியாகவே எளிதில் எட்டிவிடும். ஆகவே தாளின் இடைவெளியைக் காப்பது இன்னொரு 50 மில்லிமீட்டர் பஞ்சு வாங்குவதற்குச் சமம், அதுவும் மரச்சட்டத்தின் செலவு மட்டுமே.

மூன்றாவது, இரு தகடுகளுக்கு நடுவே பாலியூரித்தேன் நுரை வைத்த பலகை. 50 மில்லிமீட்டர் நுரையே ஏறக்குறைய 0.4-ஐத் தொட்டுவிடும் என்பதால் இடம் மிச்சம். காற்று நுழைய வழியில்லாததால் ஈரமும் நுழையாது. அடித்தகடு அறையின் சூட்டிலேயே இருப்பதால் இரவு வியர்வையும் இல்லை. குளிர்சாதன அறைக்கு இதைவிடத் தெளிவான தீர்வு கிடையாது என்றே சொல்வேன். ஆனால் அதன் நல்ல குணமெல்லாம் மூட்டுகளைப் பொறுத்தது. இரண்டு பலகைகள் கூடும் இடத்தில் அடைப்பு சரியாக இல்லாவிட்டால் அந்த ஒரு கோட்டில் மட்டும் வியர்வை வரும். நுரை தீப்பிடித்தால் நச்சுப்புகை விடும். அடியில் பிளாஸ்டர் பலகை அடிப்பது அதனாலும் நல்லது. பழைய தகரத்தின் அடியில் நுரையைப் பீய்ச்சி அடிக்கும் முறையையும் அதே குத்தகையாளர் மாற்றாகச் சொன்னார். அதை நான் முற்றாகத் தவிர்த்தேன். தகரத்தில் ஓட்டை விழுந்தால் நீர் நுரைக்கு உள்ளேயே பயணம் செய்து பத்தடி தள்ளி வெளிவரும். ஓட்டையைக் கண்டுபிடிக்கவும் முடியாது, துருப்பிடித்த தகரத்தைத் தனியாகக் கழற்றவும் முடியாது.

நிறத்தைப் பற்றி ஒரு வார்த்தை. வெளிர்நிறத் தகரம் வாங்குவதற்கு ஏறக்குறையக் கூடுதல் செலவே இல்லை. வெயிலை முதல் இடத்திலேயே திருப்பியனுப்புகிறது. நம் மழையில் நான்கைந்து ஆண்டுகளில் பாசி படிந்து அதன் வெண்மை குறையும் என்றாலும் அடர்நீலம், கறுப்பு வேண்டும் என்ற மருமகளின் யோசனையை அக்கா ஏற்கவில்லை. ஓட்டுக் கூரை போடுகிறவர்களுக்கு வேறு வசதி உண்டு: ஓடுகளின் நடுவிலேயே காற்று கசிவதால் மேல்காற்று வழியைத் தனியே அமைக்க வேண்டியது குறைவு, தாளை ஓட்டுக்குக் கீழே சற்றுத் தொய்வாக விரித்துச் சொட்டு நீரை விளிம்புக்கு விட்டால் போதும். பழைய கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) தகடு உள்ள வீட்டில் அதன்மேல் துளையிட்டோ உடைத்தோ எந்த வேலையும் தொடங்கக் கூடாது. அதன் தூசு நுரையீரலுக்கு ஆகாது.

இரு அறைகளுக்கும் ஒரே விடை இல்லை என்பதுதான் நான் வந்து சேர்ந்த இடம். கூடத்தில் குளிர்சாதனம் இல்லை. சன்னல்கள் எப்போதும் திறந்திருக்கும். உள்ளும் வெளியும் ஒரே ஈரம் என்பதால் அங்கே நீர் படிவதைப் பற்றி அஞ்ச வேண்டியதில்லை. அங்கே முதல் பட்டியலின் காற்று வழியை எடுத்துக்கொண்டோம், ஆனால் இரண்டாவது பட்டியலின் பொருள்களோடு, வரிசை மாற்றி. ஆறு அங்குலக் கைமரத்தில் மேலே 50 மில்லிமீட்டர் காற்று வழி, அதன் அடியில் இருமுகமும் பளபளக்கும், துளையில்லாத அலுமினியத் தாள், கீழ் விளிம்பு கூரையோரக் கால்வாய்க்குள் விழும்படி, அதற்குக் கீழே 25 மில்லிமீட்டர் இடைவெளி விட்டு 50 மில்லிமீட்டர் பஞ்சு, அதன்பின் சீலிங். தகரத்தின் வியர்வை தாளின்மேல் விழுந்து கால்வாய்க்குப் போகும். மேல்முகத்தில் காலப்போக்கில் தூசு படிந்து மங்கினாலும் கீழ்முகம் பளபளப்பாகவே இருக்கும்.

படுக்கையறைக்கு நுரைப் பலகை. அது சிறிய அறை என்பதால் விலை வித்தியாசத்தைத் தாங்க முடிந்தது. சீலிங்கில் ஒரு டவுன்லைட்கூட வேண்டாம், விளக்குகள் சுவரில் என்று எழுதிக் கையெழுத்து வாங்கினோம். மருமகள் அரை நாள் பேசவில்லை. நுரைப் பலகைக்குப் பணம் போதாவிட்டால் கூடத்தின் அடுக்கையே இங்கேயும் போட்டிருப்போம், ஒரே ஒரு மாற்றத்தோடு: தாளின் மூட்டுகள் அனைத்தையும் அலுமினிய நாடாவால் ஒட்டி, சுவரோடு சேரும் ஓரங்களையும் அடைத்து, ஈரக்காற்று தாளுக்கு மேலேயே நின்றுவிடும்படி செய்ய வேண்டியிருந்திருக்கும்.

மூன்று குத்தகைத் தவுக்கேக்களில் (முதலாளிகளில்) வேலையை வாங்கியவருக்கு அக்கா ஒரு நிபந்தனை வைத்திருக்கிறார். கூடத்தின் சீலிங் பலகை ஏறுவதற்கு முந்தின நாள், இருட்டிய பிறகு, நான் முகட்டில் உட்கார்ந்திருக்க, தம்பி மகன் விளிம்பிலிருந்து ஒவ்வொரு வாயிலும் டார்ச் அடித்துக்கொண்டே வர வேண்டும். பதினாறு இடுக்குகள், பதினாறிலும் வெளிச்சம் மேலே வந்தால்தான் மறுநாள் பலகை.